இரண்டாம் பந்தி

புளியரை எஸ் வளைவில்
தக்காளி வண்டி சாய்ந்தது காலை ஆறு பத்துக்கு.
ஆறு பதினாலுக்கு ஏற்றிவிட்டேன்.
லென்ஸில் சாரல் விழுந்திருந்தது.
துடைக்கவில்லை.
துடைக்கிற நேரத்தில் எவனாவது போட்டுவிடுவான்,
பின்னால் நின்ற புனலூர் பஸ்ஸில்
எத்தனை போன் இருந்ததோ.

தலைப்புக்கு யோசிக்கவில்லை.
"ஃபுல் போதையில் டிரைவர்" என்று
விரலே அடித்தது.
சறுக்கியது என்றால் தள்ளிவிட்டுப் போவார்கள்,
போதை என்றால் நிற்பார்கள்.
எனக்குத் தெரிந்ததைவிட
விரலுக்கு நன்றாகத் தெரியும்.

டீ ஆறுவதற்குள் ஆயிரம்.
தென்காசியில் பார்க்கிறார்கள், கொல்லத்தில், ஷார்ஜாவில்.
மலையாளத்தில் எவரோ திட்டுகிறார்,
யாரையென்று தெரியவில்லை, நல்லதுதான், அதுவும் கணக்கு.
மதியம் நாலு லட்சம்.
அதே வளைவை, அதே வண்டியை
அப்புறம் போட்டவர்களெல்லாம்
இரண்டாம் பந்திக்காரர்கள்.
இலை உண்டு. அப்பளம் தீர்ந்துவிட்டது.

பந்திக்கு முந்து, படைக்குப் பிந்து என்பார்கள்.
இது எது என்று
யாரும் சொல்லவில்லை.

ராத்திரி, தூக்கம் வராமல் தள்ளிக்கொண்டிருந்தபோது
ஆரியங்காவு பின்ஸி வந்தாள்.
பஸ்ஸின் முன் சீட்டிலிருந்து, சாய்வதற்கு முன்பிருந்தே.
பால் கேன் கட்டிய டிவிஎஸ் ஒன்று
குறுக்கே நுழைகிறது,
வண்டி அதற்கு வழி விட்டு
பள்ளத்தை எடுத்துக்கொள்கிறது.
இறக்கியவர்கள் பேர் கேட்கிறார்கள். மாடக்கண்ணு.
ஊது என்கிறார் போலீஸ்காரர். ஊதுகிறார்.
மறுபடியும் ஊதச் சொல்கிறார்.
ஒன்றும் இல்லை என்று கையை ஆட்டுகிறார்.
படத்தின் ஓரத்தில்
தக்காளியை மிதிக்காமல் பார்த்துப் பார்த்துக் கால் வைத்து
போனை நிமிர்த்திப் பிடித்தபடி ஒருவன்
நல்ல கோணம் தேடுகிறான்.
என் நீலச் சட்டை.

அவள் போட்டது ஏழு ஐந்துக்கு.
அதுவரை அவருக்குக் குடை பிடித்திருக்கிறாள்.
முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் பார்த்திருந்தார்கள்.
முதல் கருத்து:
"பழசு. காலையிலயே பாத்தாச்சு."

என் தலைப்பைத் திருத்தினேன்.
பென்சிலைத் தொட்டு ஒரு சொல்லை எடுப்பது
அவ்வளவு லேசு.
அந்தச் சொல்லோடு அதற்குள்
பதினேழு பேர் எடுத்துப் போட்டிருந்தார்கள்.
ஓனர் சாவியை வாங்கிக்கொண்டாராம்,
செங்கோட்டை டீக்கடையில் பேச்சு.

அவளுடையதை இன்னொரு முறை
முழுக்கப் பார்த்தேன்.
முந்நூற்றுப் பதின்மூன்று.
முடிந்ததும் தானாக
அடுத்தது ஓடத் தொடங்கியது.
லென்ஸில் சாரல்.