திறந்தது, திறக்கவில்லை

சேன் பியேரில், மீன் சந்தைக்குப் பின்தெருவில்
படம் அச்சிடும் கடை. அங்கேதான் எனக்கு வேலை.
பாண்டிச்சேரி விட்டுப் பதினோரு வருஷம்,
இன்னும் குடையை மறந்துவிட்டுத்தான் வருகிறேன்.

லிசியான் கருப்பாயே கொண்டுவந்தது
நாற்பத்தொரு படம். எல்லாம் அவள் முகம்.
கருப்பாயி என்று ஒருத்தி கப்பலில் வந்திருப்பாள்.
பதிவேட்டில் எழுதியவன் காதுக்கு
அது குடும்பப் பெயராய்க் கேட்டிருக்கிறது.
மீசை வைத்த இவள் அண்ணனும் இன்று கருப்பாயே.

அவளுக்குத் தமிழ் வராது.
கிரியோலில் சொன்னதை இப்படி எழுதிக்கொள்கிறேன்:
"என் கைப்பேசி என் முகம் பார்த்துத்தான் திறக்கும்.
எதுவரைக்கும் நான் நான் என்று
அதனிடம் கேட்டுக்கொண்டிருக்கிறேன்."

ஒவ்வொரு படத்தின் கீழும் ஒரு சொல் அச்சாக வேண்டும்.

கரியால் மீசை வரைந்த முகம். திறந்தது.
மொட்டை போட்ட முகம். திறந்தது.
கடைவாய்ப்பல் பிடுங்கி ஒரு கன்னம் வீங்கி. திறந்தது.
அழுதுகொண்டே. திறந்தது.
"அதற்கென்ன கவலை" என்றாள்.
தூக்கத்தில், வேறொருவன் பிடித்துக் காட்டியபோது
திறக்கவில்லை.
அந்த வேறொருவனைப் பற்றி நான் கேட்கவில்லை.

ஜனவரியில் தீ மிதித்தாளாம்.
பதினெட்டு நாள் விரதம்.
முகமெல்லாம் மஞ்சள், நெற்றி நிறையக் குங்குமம்,
பாதம் சுட்டதா என்றே தெரியாத நிலையில்
மணி பார்க்கத்தான் எடுத்திருக்கிறாள்.
திறக்கவில்லை. மறுபடி. திறக்கவில்லை.
ஐந்தாம் முறை எண்ணைக் கேட்டது.
நான்கே இலக்கம். வரவில்லை.
"பூசாரி பெயர் சொல்லிக் கூப்பிட்டார்.
அதற்கும் கொஞ்சம் தாமதமாய்த்தான் திரும்பினேன்."

நிறம் சரிசெய்து, எல்லாவற்றையும்
மேசையில் வரிசையாய்ப் பரப்பினேன்.
இருபத்தேழாவதில் விரல் வைத்து
"இது நானில்லை" என்றாள்.

அக்கா மர்லேன். லெ தம்போனில் இருக்கிறாள்.
வீட்டுப் பாகத்தில் தகராறு,
நாலு வருஷமாய்ப் பேச்சில்லை.
சித்தப்பா சாவில், மேசைமேல் கிடந்த கைப்பேசியைத்
தன்னுடையது என்று எடுத்திருக்கிறாள்.
எடுத்த கணமே திறந்தது.
அப்படியே இரு, என்று சொல்லி எடுத்த படம்.
நாலு வருஷத்தில் அவளிடம் பேசியது அது ஒன்றுதான்.

காலையிலிருந்து அந்த முகத்தின்
மூக்கு நிழலைத் திருத்திக்கொண்டிருந்தவன் நான்.
நானும் திறந்துவிட்டேன் போல.

நூற்று அறுபத்துநான்கு யூரோ.
பணம் கட்ட முகத்தைக் காட்டினாள்.
மழையில் வந்தவள், நெற்றியில் ஒட்டிய முடி,
கண்ணாடித் திரையில் இரண்டு மூன்று துளி.
ஒரு சின்ன வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது.
கல்லாவுக்கு இந்தப் பக்கம் நானும்
அந்தப் பக்கம் அவளும்
காத்திருந்தோம்.