சேதாரம்

முதுநகர் துறைமுகத்தில்
எங்கள் ஐஸ் கம்பெனிக்கு இரண்டு கதவு.
முன்கதவில் மீனுக்கான ஐஸ்.
பின்கதவில் நேரம்.

மெஷினைப் பார்த்தால் ஏமாந்துபோவீர்கள்.
கரும்புச்சாறு பிழிவதற்கு அண்ணன் மாதிரி இருக்கும்.
அமோனியா வாடை, ஒரு பெல்ட்,
அடிக்கடி எண்ணெய் கேட்கும் பல்சக்கரம்,
ஏழு குழாய்கள்.
ஒன்று ரயில்வே கேட்டுக்குப் போகிறது.
ஒன்று ரேஷன் கடைக்கு.
ஒன்று பெரியாஸ்பத்திரி ஓ.பி. பெஞ்சுக்கு அடியில்.
மற்ற நாலும் எங்கே என்று சொல்லக் கூடாதென்று
என்னிடம் கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள்.

காத்திருக்கும்போது சனங்கள் சிந்துகிறார்களே,
யாரும் குனிந்து எடுக்காத நேரம்,
அதுதான் எங்களுக்குச் சரக்கு.
கேட் மூடி, கூட்ஸ் வண்டி நின்று நின்று போனால்
அன்றைக்கு ராத்திரி ஷிப்ட் உண்டு.

ஒரு பாளம் ஆறு நாழிகை.
நீலமில்லை, வெள்ளையுமில்லை,
மத்தியானம் மூன்று மணியின் நிறம்.
வைத்த இடத்தில் எதுவும் நகராது:
பால் திரியாது, வட்டி ஏறாது,
மண்டபத்தில் முகூர்த்தம் தாண்டாது.
வாங்குகிறவர்கள் காரில் வருவார்கள்,
டிக்கியில் மரத்தூள் பரப்பி.
முந்திரி ஏற்றுமதிக்காரர் ஒருவர்
தன் ஐம்பதாவது வயதின் மேல்
மாதம் நாலு பாளம் அடுக்குகிறார்.
அவர் பிள்ளைக்கு இப்போது அவரைவிட வயது கூட.

உருகுவது உப்பனாற்றில் விழும்.
மதகுக்குக் கீழே குளிக்கும் பையன்களுக்கு
ஆறாவதிலேயே மீசை.
அங்கே இறால் வளர்க்கிறவன் மட்டும்
தீபாவளிக்கு எங்களுக்கு ஸ்வீட் அனுப்புவான்.

செவ்வாய்க்கிழமை
சோனங்குப்பத்துத் தில்லைநாயகி கூடையோடு வந்தாள்.
பத்து மணிக்குக் குழுக்கடன் ஆள் வருவானாம்.
வாசற்படியில் வைக்க ஒரு பாளம்,
கால் பாளமானாலும் போதும்,
பத்து மணி வராமல் இருந்தால் சரி.
விலையைச் சொன்னேன்.
கூடையைக் கவிழ்த்து அதன் மேலேயே உட்கார்ந்துவிட்டாள்.

பிறகு எழுந்து போய்
மூன்றாவது பாளத்தை முந்தானையால் துடைத்தாள்.
உள்ளே ஒரு பஸ் டிக்கெட்,
செதில் ஒட்டின வளையல் துண்டு,
சுருண்ட சீட்டில் பேனாவில் எழுதிய நம்பர்: 214.

"இது நான்" என்றாள்.
"எம் பையனுக்குக் காய்ச்சல்.
ஆறு மணிக்குப் போயி, டாக்டரு வந்த எட்டரை வரைக்கும்.
பெஞ்சுல எடமில்ல, செவுத்துல சாஞ்சு நின்னேன்.
எம் முதுகு தெரியுது பாரு."

தெரிந்தது.
பனிக்குள் ஒரு முதுகின் பள்ளம்,
ரவிக்கைத் தையல்கூட.

ரசீதுப் புத்தகத்தில் அதற்குக் கட்டம் இல்லை.
திருப்பிக் கொடுப்பது என்ற சொல்லை
இங்கே யாரும் அச்சடிக்கவில்லை.
மேனேஜர் மாடியில் இருந்தார்.
மாடியில் எப்போதும் பத்தரை.

கொக்கியை எடுத்தேன்.
பாளத்தை இழுத்துச் சாக்கில் சுற்றினேன், உமி போட்டேன்.
தூக்கிவிடும்போது
அந்தப் பையனின் காய்ச்சல் என் உள்ளங்கையில் சுட்டது,
ஐஸ்தான், ஆனாலும் சுட்டது.

வீட்டுக்குக் கொண்டுபோவாள் என்று நினைத்தேன்.
ஏலக்கொட்டகைத் தூணோரம் இறக்கினாள்,
அதன் மேல் தலைவைத்துப் படுத்துவிட்டாள்.
தன் நேரம் தன்னை உறைய வைக்காது போல.
ஒரு காக்கை இறங்கப் பார்த்துக் காற்றில் நின்றது.
கடன்காரன் பைக் பாலத்தில் ஏறியது,
ஏறிக்கொண்டே இருந்தது.
ஆறு நாழிகைத் தூக்கம், குறட்டையோடு.
சாக்கின் கீழே ஒரு சொட்டு ஈரம் இல்லை.

எழுந்தாள். என் கடிகாரத்தில்
பத்தாக இன்னும் ஐந்து நிமிடம்.
கூடையைத் தலையில் ஏற்றிக்கொண்டு
அவனைப் பார்க்கத்தான் போனாள்.
பணம் இல்லை.
முகம் மட்டும் தெளிந்திருந்தது,
பதில் சொல்லக்கூடிய முகம்.

ராத்திரி கணக்கு முடிக்கையில்
சேதாரம் பத்தியில் எழுதினேன்:
உருகியது, ஒன்று.

மை காயட்டும் என்று விட்டுவிட்டு
ஒரு பழந்துணி தேடினேன்.
கிடங்கில் இன்னும் நாற்பது பாளம் இருக்கிறது.
முன்னெச்சரிக்கையாக
அந்த வரிக்குக் கீழே
நிறைய இடம் விட்டிருக்கிறேன்.