நான்கெல்லை

ஞாயிற்றுக்கிழமை. ஒத்தக்கடைப் பத்திர ஆபீஸ் பூட்டு.
எங்கள் கடை ஷட்டர் மட்டும் பாதி தூக்கியிருந்தது.
பாகப்பிரிவினை ஒன்று, திங்கள் காலைக்குள் வேண்டும்:
அண்ணன் தம்பி நாலு பேர், கிணறு ஒன்று.

குனிந்து உள்ளே வந்தார்கள் இருவர்,
யானைமலை ஏறி இறங்கிய வேர்வையோடு.
கின்லே. மிளகாயைக் காய்கறியாய்ச் சமைக்கிற நாடாம்.
மொலேஃபி. அவர் ஊரில் கம்பளிதான் மேல்சட்டையாம்.
கண் ஆஸ்பத்திரியில் ஆறு மாதப் பயிற்சி,
ஒரே அறை, ஒரு கொசுவத்தி.
இருவருக்கும் தெரிந்த தமிழ்:
‘மேலே பாருங்க, கீழே பாருங்க, அசையாதீங்க.’

கையில் பதினோரு தாள், ஓரமெல்லாம் பேனாத் திருத்தம்.
இரண்டு அரசாங்கம் கையெழுத்திடப் போகிற உடன்படிக்கையாம்.
மலை உச்சியில் உட்கார்ந்து அடித்து எழுதியிருக்கிறார்கள்.
‘அது மலையா?’ என்று கேட்டு மொலேஃபிக்குச் சிரிப்பு.
கின்லேக்கும்.
எனக்குக் கொஞ்சம் கோபம்தான். சொல்லவில்லை.

பதினாலு வருஷமாய் அடிக்கிறேன்,
கிரயம், அடமானம், விடுதலை, ரத்து.
எந்தப் பத்திரம் வந்தாலும் என் கண் முதலில் போவது
சொத்து விவரத்துக்கு:
வடக்கே செல்லாயி வகையறா புஞ்சை,
தெற்கே ஓடை, கிழக்கே வண்டிப்பாதை.
இதில் அது இல்லை.
இரண்டு பார்ட்டிக்கும் பொதுவாய் ஒரு கல்லுக்கால்கூட இல்லை.

‘நாலெல்லை எங்க?’ என்றேன். கை ஜாடை, அரை இங்கிலீஷ்.
கின்லே மேசையில் இரண்டு ஸ்டேப்ளரை வைத்து
நடுவில் ஒரு ரப்பரை வைத்தார்:
வடக்கே ஒரு பெரும் பண்ணை, தெற்கே ஒரு பெரும் பண்ணை.
மொலேஃபி என் டீ கிளாஸை எடுத்து
உள்ளே ஒரு குண்டூசியைப் போட்டார்:
நாலு பக்கமும் ஒரே பட்டாதாரர்.

அய்யோ, அந்த மாதிரி நிலத்தை இங்கே யாரும் வாங்க மாட்டார்கள்.
வழிநடைப் பாத்தியம் எழுதாமல்
ஒரு மாடுகூட உள்ளே போக முடியாது.
அப்போதுதான் புரிந்தது எனக்கு,
பதினோரு தாளும் என்ன பத்திரம் என்று.

ஏழாம் பிரிவில் இருவருக்கும் சண்டை.
கண் தெரியாத ஆள் மலையிறங்கி வருகிற செலவு யாருடையது?
குதிரைக்குத் தீனிப்படி என்று மொலேஃபி எழுதியிருந்தார்.
எங்கள் சரிவில் குதிரை நிற்காது,
மகன் முதுகில் வரும் அம்மாவுக்கு
முதுகுக்கு என்ன ரேட்டு, என்றார் கின்லே.
பத்து நிமிஷம் யாரும் பேசவில்லை.
ஃபேன் மட்டும் தாளைப் புரட்டிக்கொண்டிருந்தது.

‘எங்க பத்திர ஆபீஸ் மாடியில இருக்கு.
நடக்க முடியாதவுகளத் தூக்கியாறவனுக்கு
எரநூறு ரூவா. செலவுக் கணக்குல எழுதிருவோம்.
அவன் மகனாவே இருந்தாலும்.’
எதற்குச் சொன்னேனோ.
இருவரும் என்னைப் பார்த்தார்கள்,
பிறகு ஒருவரை ஒருவர்.
‘சுமந்து வருபவருக்கும்’ என்று அடித்தேன்,
இரண்டு அரசாங்கத்தின் சார்பாக.

நூற்றிப்பத்து ரூபாய். சில்லறை இல்லை, பத்தை விட்டுவிட்டேன்.
மறுநாள் அந்த நாலு பேரும்
கிணற்றுக்குப் போகிற மூன்றடிப் பாதைக்காக
என் கடை வாசலிலேயே சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள்.

ஆடி முடிந்து கின்லேயிடமிருந்து ஒரு போட்டோ வந்தது.
கையெழுத்தாகிவிட்டது. இரண்டு சின்னக் கொடி,
பூங்கொத்து, முகம் தெரியாத கோட்டுக்காரர்கள்.
ஏழாம் பிரிவை மேலே அடித்துவிட்டார்களாம்,
நிதி இல்லை என்று.

ஆனால் பக்கத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன்.
எண்ணை மாற்ற எவனுக்கும் தோன்றவில்லை.
ஆறு. அதற்கடுத்து எட்டு.

நடுவில் இருக்கிற வெள்ளையை
ஸ்கேலை வைத்து அளந்தேன், தொழில் புத்தி.
முதுகில் ஆளோடு ஒருத்தன்
ஒருக்களித்துப் போகலாம்.