மீதி உப்பு

தங்கச்சிமடம் கிளை நூலகத்தில்
பொது அறிவு அலமாரியின் கீழ்த்தட்டு.
தொலைக்காட்சி பற்றி ஆயிரம் துணுக்குகள்.
அட்டை போன புத்தகம்,
எழுதியவர் பெயரும் அதோடு போயிற்று.
தேர்வுக்கு ஆகாது என்று எவரும் தொடுவதில்லை.
எனக்கு ஆகும்.
மூன்று தேர்வில் தோற்று
இங்கே தினக்கூலிக்குப் பட்டியல் எழுதுகிறவள் நான்.

பக்கம் நாற்பத்தொன்று:
முதல் பெட்டியைச் செய்தவர்
தேயிலைப் பெட்டி, தையல் ஊசி,
சைக்கிள் விளக்குக் கண்ணாடி எல்லாவற்றையும்
அரக்கு வைத்து ஒட்டினாராம்.
ஓரத்தில் பென்சில்:
"நாங்களும் அப்படித்தான்."

நாங்கள் என்றால்?
தவணைச் சீட்டில் ஒரே பெயர், பதினோரு தடவை:
களஞ்சியம், ஐஸ் கம்பெனி.

கேள்வி இருநூற்றுப் பன்னிரண்டு.
தென்கோடிக் கடற்கரையில் முதலில் தெரிந்த ஒளிபரப்பு எது?
டெல்லி. சென்னை. கொடைக்கானல்.
விடையைத் தலைகீழாக அச்சடித்திருந்தார்கள்.
புத்தகத்தைத் திருப்பினேன்.
பென்சிலும் தலைகீழாகவே எழுதியிருந்தது:

"மூன்றும் தவறு. கடலுக்கு அந்தப் பக்கம்.
மூங்கில் நுனியில் அலுமினியக் கம்பி.
கொண்டல் அடித்தால் படம் வரும்,
கச்சான் அடித்தால் வராது.
எழுத்தெல்லாம் நண்டு ஊர்ந்த மாதிரி வட்டம் வட்டம்.
ஒரு சொல் புரியாது, ஆனாலும் பார்ப்போம்.
அது ஆடி மாசம். நல்ல கொண்டல்.
செய்தி வாசித்த பெண்ணின் தோட்டில்
எத்தனை கல் என்று எண்ணிப் பந்தயம் கட்டினோம்.
ஏழு.
பிறகு படகில் வந்து இறங்கியவர்கள்
நனைந்த துணியோடு சொன்னார்கள்,
அவள் என்ன வாசிக்கவில்லை என்று."

இது எத்தனையாவது துணுக்கு?
புத்தகத்தில் இதற்கு எண் இல்லை.

பக்கம் எண்பத்தெட்டு:
நிலையம் இல்லாத அலைவரிசையில் கொதிக்கும் புள்ளிகளில்
நூற்றில் ஒன்று
அண்டம் பிறந்தபோது கிளம்பிய ஒளி.
ஓரத்தில்:
"மீதி உப்பு. மாதம் ஒரு தடவை கம்பியைத் துடைக்கணும்."

ஐஸ் கம்பெனியில் விசாரித்தேன்.
"எந்தக் களஞ்சியம்? இங்க ரெண்டு பேர் இருந்தாங்க.
ஒருத்தர் கடனோட போயிட்டார்.
இன்னொருத்தர் எங்கன்னு அவருக்கே தெரியாது."

கழிக்க வேண்டிய நூல்கள் என்று
மேலிடத்திலிருந்து ஒரு தாள் வந்தது. நகல் எடுப்பது நான்.
ஒரு எண்ணை மட்டும் விட்டுவிட்டேன்.
தவணைச் சீட்டில் பன்னிரண்டாவதாக
என் பெயர்: ஜெர்லின்.

பிறகு பென்சில் சீவி,
இருநூற்றுப் பன்னிரண்டுக்குக் கீழே,
தலைகீழாக:
"அண்ணே, ஆடியில் ஏது கொண்டல்?
கச்சான் அல்லவா?
படம் எப்படித் தெரிந்தது?"

புத்தகத்தைக் கீழ்த்தட்டில்
ஒரு விரற்கடை வெளியே நீட்டி வைத்திருக்கிறேன்.