ஒன்றுக்குப் பன்னிரண்டு

நிஷா புயலில் வீட்டுக்குள் முழங்கால் தண்ணீர்.
அடுத்த கோடையில் லீவில் வந்தவர்
கொத்தனார் ஜெகபரிடம் சொன்னார்:
"இன்னும் ரெண்டு வரி ஏத்துங்க பாய்,
வெட்டாறு நம்ம படியோட திரும்பிப் போகணும்."
மூன்றடி மேடை. ஐந்து படி.
ஆறு திரும்பித்தான் போனது.
நான்கு வருஷம் கழித்து அவரும்
அந்தப் படிக்குக் கீழே வந்து நின்றார்.
நின்றார் என்பது பழக்கத்தில் வருகிற சொல்.

பூஞ்ச் பக்கம் ஒரு மலைச்சரிவில் விட்டு வந்தது
இரண்டு கால்.
கொண்டு வந்தது ஒரு தகரப்பெட்டி,
ஐந்தரைக்கு எழுந்து சவரம் செய்யும் வழக்கம்.

பதினோரு வருஷம் நானும் என் தம்பி குபேரனும்,
தம்பி இல்லாத நாளில் பால்காரரும்
தூக்கி இறக்கினோம், தூக்கி ஏற்றினோம்.
முதலில் கல்யாணங்களுக்குப் போவதை நிறுத்தினார்.
அப்புறம் முடிவெட்டக்கூட.
"மழை வரும்போல இருக்கு" என்பார்,
சித்திரையில்.

திருவாரூரில், முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தில்,
வீட்டை மாற்ற மானியம் உண்டென்று
ஒரு படிவம் கொடுத்தார்கள்.
'இயலாமை சதவீதம்' என்ற கட்டத்தில்
அவரே எழுதினார் நூறு என்று,
குண்டு குண்டான எழுத்தில்.
"பள்ளிக்கூடத்துல ஒரு தடவைகூட வாங்குனதில்ல."

அளக்க வந்த பொறியாளர் மகிழ்வதனிக்கு
இருபத்தைந்து வயதிருந்தால் அதிகம்.
"ஓர் அங்குல உயரத்துக்கு ஓரடி நீளம் சார்.
ஒன்றுக்குப் பன்னிரண்டு.
மூன்றடிக்கு முப்பத்தாறு.
உங்க வாசல் இருபத்திரண்டுதான்."
பென்சிலைக் கடித்துக்கொண்டு நின்றாள்.
இவர் மேலிருந்து கேட்டார்:
"வாய்க்கால் எப்படிம்மா வருது? நேராவா வருது?"
முருங்கையடியில் ஒரு மடக்கு விழுந்தது படத்தில்.

முதல் தவணை வந்தது. படியை இடித்தோம்.
இரண்டாம் தவணை வரவில்லை.
மேட்டூர் திறந்தார்கள். குறுவை நட்டார்கள்.
கதிர் பால் பிடித்தது.
படியும் இல்லை, சாய்தளமும் இல்லை.
நான்கு மாதம்
யாராலும் எங்கள் வீட்டுக்குள் ஏற முடியவில்லை.

நான் ஏணி வைத்துக்கொண்டேன்.
சிலிண்டர்காரர் கீழே நின்று கத்தினார்.
தபால்காரர் எக்கினார்.
கிராம நிர்வாக அலுவலர் வேட்டியை மடித்து
ஒரு காலைத் தூக்கிப் பார்த்துவிட்டு
"அப்புறமா வரேன்" என்றார்.
என் நாத்தனார் ஸ்டூல் போட்டு ஏறிவிட்டாள்,
இறங்கத் தெரியாமல் அழுதாள்.
இவர் நிலைப்படியை ஒட்டிச் சக்கர நாற்காலியில்
ஒவ்வொருவருக்கும் ஒரே பதில் வைத்திருந்தார்:
"பழகிடும்."

ஐப்பசி மழை விட்ட ஒரு நாளில் பணம் ஏறியது.
அதே ஜெகபர் பாய்தான்.
நரைத்திருந்தார். கண்ணாடி போட்டிருந்தார்.
வழுக்காமலிருக்க ஈரச் சிமெண்டின் மேல்
தென்னந்துடைப்பத்தால் கோடு இழுத்துக்கொண்டே வந்து
மடக்கில் ஒரு நிமிஷம் உட்கார்ந்தார்.
"ஏத்துன கைதான் தம்பி" என்றார்.
வேறொன்றும் சொல்லவில்லை.

பணி நிறைவுப் புகைப்படத்தில்
பயனாளி சாய்தளத்தில் இருக்க வேண்டும் என்பது விதி.
இருக்கிறார். சிரிக்கவில்லை.
ஓரத்தில் ஒரு ஆடு இருக்கிறது, அவருக்கு முன்பே ஏறியது.

மாசியில் ஒரு விடியல்.
படுக்கையில் அவர் இல்லை.
பதினோரு வருஷத்தில் முதல் தடவை
சொல்லாமல் கொள்ளாமல் போயிருக்கிறார்.
பனியில் நனைந்த கோடுகளின் மேல்
இரண்டு சக்கரத் தடம்,
முருங்கையடியில் கொஞ்சம் தடுமாறி,
பிறகு நேராகக் கடைத்தெருப் பக்கம்.

கூப்பிட வாயெடுத்தேன்.
கை தானாக இடது தோளுக்குப் போனது.
வலதைவிட அது ஓர் அங்குலம் இறங்கியிருக்கும்.
எந்தப் படிவத்திலும் அதற்குக் கட்டம் கிடையாது.
கூப்பிடவில்லை.

ஏழரைக்கு வந்தார்,
பிடரியில் பவுடரோடு, கிருதா ஒரு பக்கம் கோணலாக.
"சொல்லிட்டுப் போனா வாய் முத்து உதிர்ந்துருமா?"
தெருவுக்கே கேட்டிருக்கும்.
"சொல்லியிருந்தா நீயும் வந்திருப்பே" என்றார்.

கொஞ்ச நேரம் இரண்டு பேரும் பேசவில்லை.
கீழே பக்கத்து வீட்டு வளர்மதி
யாரையும் கேட்காமல்
சாய்தளத்தில் சாக்கை விரித்து
அவித்த நெல்லைக் கொட்டிக்கொண்டிருந்தாள்.