படி

பத்தொன்பது பேர் கையெழுத்திட்டோம்.
பாகாவ் மருத்துவமனையின் பின்பக்கம்
ஆக்சிஜன் உருளைகள் அடுக்கிய கூரையடியில்,
ஷாருடினின் மோட்டார் இருக்கையில் தாளை விரித்து.
பேனா ஒவ்வொருவரிடமும் கொஞ்சம் நின்றது.

நாற்பத்தோரு மாதப் படி பாக்கி.
அளந்து போடுவதும் படி,
ஏறிப் போவதும் படி.
செரம்பான் நீதிமன்ற வாசலில் எண்ணினேன்:
இருபத்தாறு.

இலாகாவின் பதில் இரண்டே வரி:
அழைப்பு நேரத்தில் இவர்கள் வீட்டில் இருந்தார்கள்.
காத்திருப்பது வேலையாகாது.

சரி.
வேலையாகாதது எப்படி இருக்கும் என்று சொல்கிறேன்.
குளிக்கையில் கைப்பேசி சோப்புப் பெட்டியில் இருக்கும்.
உறங்குகையில் சீருடைக் காற்சட்டை இடுப்பில் இருக்கும்.
இருபது நிமிடத்தில் திரும்பக்கூடிய தூரம்தான் உலகம்:
இந்தப் பக்கம் செம்பனைக் காட்டின் ஐந்தாம் பிரிவு,
அந்தப் பக்கம் சீனர் இடுகாடு.
கடல் பார்க்கலாம் என்று மகள் கேட்டால்
அடுத்த மாதம் என்பேன்.
அவளுக்கு இப்போது பன்னிரண்டு வயது,
கேட்பதை விட்டுவிட்டாள்.

மைத்துனன் கல்யாணத்தில்
பாயசம் வருமுன் இலையை மடித்துவிட்டு எழுந்தேன்.
பதினாறாவது மைலில் பழக்குலை ஏற்றிய லோரி,
அதனடியில் ஒரு பையன்.
என் சட்டையைப் பிடித்துக்கொண்டு
'அம்மாகிட்ட சொல்லாதீங்கண்ணே' என்றான்.
ஓட்டப் புத்தகத்தில் இருக்கிறது:
புறப்பாடு 8.50. திரும்பியது 11.35.
மீட்டர் கணக்கும் இருக்கிறது.
அவன் சொன்னதற்கு அதில் கட்டம் இல்லை.

'காத்திருந்தது எத்தனை மணி நேரம்?
சத்தியம் செய்து எழுத வேண்டும்' என்றார்
வழக்கறிஞர் செல்வமலர்.
பாதித் தூக்கத்தை எந்தக் கணக்கில் எழுதுவது?
அன்றிரவு சமையற்கட்டிலிருந்து பவளக்கொடி சொன்னாள்:
'நீங்க புரண்டதெல்லாம் எனக்குத் தெரியும்.
என்னைக் கூண்டுல ஏத்தச் சொல்லுங்க.'
மீன் பொரியும் சத்தத்தில்
அவள் சிரித்தாளா என்று தெரியவில்லை.

சபாவுக்கு மாற்றுவார்கள் என்று ஒரு பேச்சு கிளம்பியது.
இரண்டு பேர் பெயரை எடுத்துக்கொண்டார்கள்.
அதில் ஒருத்தி குணவதி.
மறுநாள் பசியாற எல்லோருக்கும் இடியப்பம் கொண்டு வந்தாள்,
பதினேழு பொட்டலம்.
யாரும் எதுவும் கேட்கவில்லை.
சம்பல் வழக்கத்தைவிடக் காரம்.

வழக்கு நாளுக்கு ஆண்டு விடுப்பு எடுத்தோம்.
விடியுமுன் வேன். ஒன்பது மணியிலிருந்து
தாழ்வார நாற்காலி, குளிர்சாதனக் காற்று.
பதினொன்று நாற்பதுக்கு ஒருவர் வந்து சொன்னார்:
நீதிபதிக்கு வேறு விசாரணை. மார்ச் பதினான்கு.
'இதற்கும் படி கேட்கலாமா?' என்றாள் ஹலிமாத்தோன்.
வெடித்துச் சிரித்தோம்.
காவலர் திரும்பிப் பார்த்ததும்
பள்ளிப்பிள்ளைகள் போல வாயைப் பொத்திக்கொண்டோம்.

அப்போது என் கைப்பேசி அடித்தது.
பழைய ரப்பர் ஆலை முனையில் வேன் கவிழ்ந்து நான்கு பேர்;
ஓட்டுநர் ஒருவர்தான் இருக்கிறார், வர முடியுமா?

விடுப்பில் இருக்கிறேன் என்றேன்.
பதினெட்டு வருடத்தில் முதல் முறை.
சட்டப்படி சரியான பதில்.
செல்வமலர்கூடத் தலையசைத்தார்.

ஆனால் நான் எழுந்து நின்றிருந்தேன்.
கை, சட்டைப்பையில்,
இல்லாத சாவியைத் தேடிக்கொண்டிருந்தது.