‘ஆம்’ என்று முடியும் வாக்கியம்

கர்ஜாலி நகரம், எண்பத்தைந்து, பிப்ரவரி.
விசாரணை அறையில் நான் தட்டச்சுக்காரி.
கார்பன் வைத்து நான்கு பிரதி.
குளிரில் ‘ர’ விசை மட்டும் சிக்கிக்கொள்ளும்.

எதிரே பொகோமிலா தெலேவா,
ஆசிரியப் பயிற்சிக் கல்லூரியில் இலக்கண விரிவுரையாளர்.
கையுறைகளைக் கழற்றவில்லை.

குற்றம் இது:
செய்தித்தாளின் ஒரு வரியைக் கரும்பலகையில் எழுதினாள்.
‘மலையூர்த் துருக்கியர்
தாமாகவே முன்வந்து பெயர் மாற்றிக்கொண்டார்கள்.’
எழுதியவர் பார்த்தாரா என்று வகுப்பைக் கேட்டாள்.
பார்க்காதவர் வினையை எப்படி முடிக்க வேண்டும்?
கடைசி பெஞ்சிலிருந்து ஒருத்தி எழுந்து வந்து
சாக்பீஸால் திருத்தினாள்:
மாற்றிக்கொண்டார்களாம்.

கூடியது
ஓர் உயிர், ஓர் ஒற்று.

எழுந்து வந்தவள் டிசம்பர் வரை செபிஹா.
வருகைப் பதிவேட்டில் இப்போது ஸ்னெழானா.

“அரசை இழிவுபடுத்தினாயா? ஆமா, இல்லையா?”
கேப்டன் வெல்சேவ் மேசையைத் தட்டினார்.
“ஆம்தான் அன்றைய பாடம்” என்றாள்.
ஒப்புதல் என்று நினைத்து
அடிக்கச் சொன்னார். அடித்தேன்.

பிறகு ஒரு மாணவனின் வாக்குமூலத்தை நீட்டினார்.
வலது கையுறையைக் கழற்றிப் பென்சில் கேட்டாள்.
“எழுதினாள் என்று இருக்கிறது.
அன்று தீமோவுக்குக் காய்ச்சல், வகுப்புக்கு வரவில்லை.
எழுதினாளாம் என்று வரவேண்டும்.”
ஓரத்தில் மதிப்பெண்ணும் போட்டாள்,
ஆறுக்கு இரண்டு.

கண்ணால் காண்பதும் பொய்,
காதால் கேட்பதும் பொய்.
தீர விசாரித்தோம், நான்கு இரவு.
நான்காம் இரவு என்னை
வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டார்கள்.

காலையில் மேசைமேல் கையெழுத்துப் பிரதி:
‘தெலேவா தன் குற்றத்தை ஒப்புக்கொண்டாள்.’
வரிக்கு வரி அடித்துக்கொண்டே வந்தேன்.
ஒப்புக்கொண்டா வரை வந்து
விரல் நின்றது.
அடுத்த அறையில் யாரோ தேநீருக்குச் சர்க்கரை கேட்டார்கள்.
எனக்கு இரண்டு பிள்ளைகள், வாடகை வீடு.
‘ள்’ போட்டேன். புள்ளி வைத்தேன்.
நான்கு பிரதியிலும் அழுத்தமாக விழுந்தது.

அவளை லோவெச் பக்கம் வைத்திருந்தார்களாம்.
அங்கே கல் உடைக்க விட்டார்களாம்.
வசந்தத்தில் இருமல் கண்டதாம்.
இதெல்லாம் கேள்விப்பட்டது.

ஆனால் வேனில் ஏற்றினார்கள்.
படியில் வழுக்கினாள், யாரும் பிடிக்கவில்லை.
ஒரு கையை மட்டும் கோட்டுக்குள் செருகியிருந்தாள்.
ஜன்னலில் நின்று பார்த்தேன்.

வலது கையுறை
என் இழுப்பறையில் இருக்கிறது.